தாய்மாமன் சொன்னால்

கதவைத் திறந்தது அருள்மொழியா, அந்தப் பையனா என்பது இளவரசுக்கு இப்போது சரியாக நினைவில்லை. அவள்தான் என்று வெகுநாள் நினைத்துக்கொண்டிருந்தார். யோசிக்க யோசிக்க, ஈரக்கையைக் கைலியில் துடைத்தபடி நின்ற பையனின் முகம்தான் முதலில் வருகிறது.

"வாங்க மாமா" என்று கேட்ட குரல் மட்டும் அவளுடையது. அதில் சந்தேகமில்லை.

சிதம்பரம் மாரியப்பா நகரில் ஒரு மாடி வீடு அது. ஒரே அறை, ஒட்டினாற்போல் சமையல்கட்டு. கொடியில் அவளுடைய துப்பட்டாவும் அவனுடைய பனியனும் ஒரே கிளிப்பில் தொங்கின.

"இவன் செம்பியன் மாமா. என்கூடத்தான் ரிசர்ச் பண்றான். ரெண்டு பேரும் ஒண்ணாத்தான் இருக்கோம்."

அவள் குரலைத் தாழ்த்தவில்லை. தண்ணீர் கேன் வந்துவிட்டது என்று சொல்வதைப்போலச் சொன்னாள்.

இளவரசு உட்கார்ந்தார். மடியில் துணிப்பை. அதற்குள் ஒரு பட்டுப்புடவையும், மஞ்சள் கயிற்றில் கோத்த தாலியும். கடலூரில் பஸ் ஏறும்போது அருள்மொழியின் அம்மா இசைவாணி அவர் கையில் திணித்தது.

"நீங்க சொன்னா கேப்பாண்ணே. அந்தப் பையன் கையாலயே அவ கழுத்துல ஒரு கயித்த ஏத்திட்டு வாங்க. மாட்டேன்னா கையோட கூட்டிக்கிட்டு வந்துடுங்க. பண்ருட்டி மாப்ள வூட்டுக்கு எத்தினி நாளுதான் பதில் சொல்லாம இருக்கறது?"

தாய்மாமன் பேச்சுக்கு அந்த வீட்டில் மறுபேச்சு இல்லை. அருள்மொழிக்குக் காது குத்தியபோது அவள் அழுது கடித்தது அவர் விரலைத்தான். அவள் பெரியவளானபோது பச்சை ஓலை வெட்டிக் குடிசை கட்டியதும் அவர்தான்.

பையன் டீ கொண்டுவந்து வைத்தான். "சக்கர ஜாஸ்தியாயிடுச்சு சார்."

"சார் என்னடா சார், மாமான்னு கூப்புடு" என்றாள் அருள்மொழி.

"உனக்கு மாமா. எனக்கு என்ன முறைன்னு இன்னும் முடிவாவலியே."

அருள்மொழி அவன் தலையில் குட்டினாள். எதிரே பெரியவர் ஒருவர் உட்கார்ந்திருக்கிறார் என்ற நினைப்பே இல்லாமல் இருவரும் சிரித்தார்கள்.

இளவரசு டீயைப் பார்த்துக்கொண்டிருந்தார். டீயில் ஆடை படிந்தது.

கோபம் வரும் என்று நம்பித்தான் வந்திருந்தார். வழியெல்லாம் சொற்களை அடுக்கிக்கொண்டும் வந்தார். வந்தது கோபம் அல்ல. வந்ததற்குப் பொறாமை என்று பெயர் வைக்க அவருக்கு வெட்கமாக இருந்தது.

"பயமா இல்லியாம்மா உனக்கு?"

"எதுக்கு மாமா பயம்? புடிச்சிருக்கு, இருக்கோம். கல்யாணம் பண்ணிக்கணும்னு தோணுனா உங்ககிட்டதான் மொதல்ல சொல்லுவேன். தோணலன்னாலும் மறைக்க மாட்டேன்."

இதே ஊரில், இதே பல்கலைக்கழகத்தில் படித்தவர்தான் அவரும்.

போன் அடித்தது. இசைவாணி.

போனை எடுத்துக்கொண்டு வெளியே மாடிப்படிக்கு வந்தார். பை நாற்காலியிலேயே கிடந்தது, திறக்காமல்.

"அவ வரமாட்டா. கயிறும் கட்டிக்க மாட்டா. அவ போக்குல வுட்டுடு."

மறுமுனையில், கடலூர் மஞ்சக்குப்பத்தில் அவள் வீட்டு வாசலைக் கடக்கும் ஷேர் ஆட்டோவின் ஹாரன் மட்டும் கேட்டு, தேய்ந்தது.

பிறகு அவள் பேசினாள். அண்ணே என்று கூப்பிடவில்லை.

"இளவரசு, நீயா இதச் சொல்ற? எங்கப்பா வந்து நின்ன அன்னிக்குச் சொல்லியிருக்கலாமே."

போனை வைத்துவிட்டாள்.

அவர்கள் ஒரு வயிற்றில் பிறந்தவர்கள் அல்ல. எம்.ஏ. வரலாறு, ஒரே வகுப்பு. கேன்டீனில் எதிரெதிரே உட்கார்ந்து, எங்கே எப்படிக் கல்யாணம் செய்துகொள்வது என்று பேசிக்கொண்டிருந்த ஒரு மத்தியானம், சொல்லாமல் கொள்ளாமல் அவள் அப்பா வந்து நின்றார். யார் இது என்றார். ஒரு பெண் ஒரு பையனோடு உட்கார்ந்து பேசுவதற்கு அந்தக் காலத்தில் ஒரே ஒரு உறவுக்குத்தான் அனுமதி. "அண்ணன் மாதிரிப்பா" என்றாள் இசைவாணி. இளவரசு தலையாட்டினார்.

ஆண்பிள்ளை இல்லாத அந்த மனிதர் அவருடைய இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு கண் கலங்கிவிட்டார்.

பரீட்சை முடியட்டும், உண்மையைச் சொல்லிவிடலாம் என்றுதான் இருந்தார்கள். பரீட்சை முடிவதற்குள் அவளுக்கு மாப்பிள்ளை நிச்சயமாகிவிட்டது. மாப்பிள்ளை விரலில் மச்சான் மோதிரம் போட, மணமேடைக்கு இளவரசைத்தான் கூப்பிட்டார்கள். அவர் போனார்.

"அம்மா என்ன மாமா சொன்னாங்க?" படியில் வந்து நின்றாள் அருள்மொழி.

"சரின்னுட்டா."

அருள்மொழியும் செம்பியனும் அடுத்த வருடம் பிரிந்துவிட்டார்கள். சண்டை ஒன்றுமில்லை. அவன் ஓசூரில் வேலை பார்க்கிறான். அவள் அதே மாடி வீட்டில் இருந்து ஆய்வை முடித்தாள். பண்ருட்டி மாப்பிள்ளைக்குக் கிள்ளை ஊரில் பெண் அமைந்தது. இசைவாணி சில மாதம் பேசாமல் இருந்தாள். பிறகு பழையபடி அண்ணே என்று கூப்பிடத் தொடங்கினாள். பொங்கல் சீர் வருடம் தவறாமல் அவள் வீட்டுக்குப் போகிறது. நாத்தனாருக்கு இளவரசின் மனைவி சத்யப்பிரியாதான் புடவை எடுக்கிறாள். இசைவாணிக்கு என்ன நிறம் பிடிக்கும் என்று அவள் இளவரசிடம் கேட்டதில்லை.