சோடிக்கல்

பளிங்கு போன்ற சோடிக்கல்லுக்கு எண்ணெயும் வேண்டாம், கரண்டும் வேண்டாம். புருஷனும் பெண்டாட்டியும் சேர்ந்து தொடும்போது இரண்டு மனதிலும் பிரியம் இருந்தால் தானாக ஒளிரும். சங்கரன்கோவிலில் கல்யாணச் சீரோடு அதைக் கொடுக்காத வீடு இல்லை.

சீனியம்மாள் வீட்டுக் கல்தான் தெருவிலேயே பிரகாசம். பதினோரு வருஷமாக அவளும் புருஷன் சௌந்தரபாண்டியனும் அந்தி நேரத்தில் அதைத் தொட்டுவந்தார்கள்.

எழுபத்தெட்டாம் வருஷம், புதிதாகக் கல்யாணமான தங்கை வாசுதேவநல்லூரிலிருந்து வந்திருந்தாள். அன்று அந்தியிலும் இருவரும் தொட, கல் ஒளிர்ந்தது.

“இப்படி எரிய என்னக்கா செய்யணும்?”

“மனசுல கள்ளம் இருக்கப்படாது. அம்புட்டுத்தான்.”

அந்த நேரம் பார்த்துத் தெருவில் கரண்ட் போனது. சோடிக்கல்லும் அணைந்தது.

தங்கை தலைகுனிந்து வெளியே போனாள். சீனியம்மாள் கல்லைத் தூக்கினாள். அடியில் சின்ன பல்பு. அதன் வயர், சௌந்தரபாண்டியன் வழக்கமாக நிற்கும் பக்கத்தில் ஒரு ஸ்விட்ச்சில் போய் முடிந்தது.

அவள் அவன் பக்கம் திரும்பினாள். “கல்யாணத்தன்னைக்கு நாம தொட்டப்பம் நெசமாத்தான எரிஞ்சுது? பொறவுதான நின்னுபோச்சு?”

அவன் அவள் முகத்தைப் பார்க்கவில்லை.

“நாம தொடுததுக்கு முந்தியே பல்பை மாட்டிட்டேன். எரியாதுன்னு எனக்கு அப்பமே தெரியும்ட்டி.”