வாத்து ஓடிய பக்கம்

கலங்கரை விளக்கம் வலது பக்கம் இருந்தது.

அவள் கண்ணாடியைக் கழற்றி, முந்தானையில் துடைத்து, மறுபடி பார்த்தாள். துடைத்தால் நகர்ந்துவிடுமா என்ன? வலது பக்கம்தான்.

இடது பக்கம் இருந்திருக்க வேண்டும்.

படிக்கட்டு சரி. மேலே வளைவு, நடுவில் இரும்புக் கைப்பிடி, பின்னால் சைப்ரஸ் மரங்கள். அடிப்படியில் ஒரு வெண்கல வாத்து வேறு வைத்திருக்கிறார்கள். வருகிறவர் போகிறவரெல்லாம் தொட்டுத் தொட்டு அதன் தலை பளபளவென்று இருந்தது. படம் எடுத்த இடம் இதுதான், சந்தேகமே வேண்டாம்.

பழைய சோவியத் சிரிப்புப் படம். கோட்டுப் போட்ட குண்டு மனிதரின் கையிலிருந்து வாத்து துள்ளிக் குதிக்கும். தத்தித் தத்திப் படியிறங்கும். இடது பக்கம் திரும்பி, விளக்கைப் பார்த்து ஓடி, கருங்கடலில் விழும். அவரும் கோட்டோடு பின்னாலேயே விழுவார்.

கல்யாணமாகி நெய்வேலிக்கு வந்த புதிதில் பார்த்தது. அனல்மின் நிலையம் கட்ட வந்த ரஷ்யாக்காரர்கள் கொண்டுவந்த படம். மைதானத்தில் வெள்ளைத் துணி கட்டி ஓட்டினார்கள். ஒருவர் மைக்கைப் பிடித்துத் தமிழில் கதை சொன்னார். அன்று சிரித்ததில் அவளுக்கு வயிறே வலித்துவிட்டது. பிறகு எத்தனையோ படம் வந்தது, போனது. இதற்கு உறைபோடக் காணாது.

பிள்ளைகளுக்குச் சோறு ஊட்ட இந்தக் கதைதான். படத்தில் பார்த்தபடி, ரஷ்யாக்காரன் இடது கையால்தான் சாப்பிடுவான் என்பது உட்பட.

இந்த வருஷம் ஒவ்வொன்றாக நழுவ ஆரம்பித்தது.

வீட்டுச் சாவி ஃப்ரிட்ஜுக்குள் கிடந்தது. பால் தீய்ந்து, பக்கத்து வீட்டார் வந்து கதவைத் தட்டினார்கள். ஃபோனில் பேசிய சொந்தத் தங்கையிடம் "நீங்க யாரு?" என்று கேட்டாள். மகன் செழியன் மூளை ஸ்கேனுக்கு நாள் குறித்துவிட்டான். ஊர் திரும்பியதும் போக வேண்டும்.

ஐம்பதாவது கல்யாண நாளுக்கு எங்கே போகலாம் என்று கணவர் கேட்டபோது, காசி என்பாள் என்றுதான் நினைத்திருப்பார். அவள் கருங்கடல் கரையிலிருக்கும் இந்த ஊரைச் சொன்னாள். மனிதர் வாயைப் பிளந்தார்.

காரணத்தைச் சொல்லவில்லை. எது போனாலும் அந்தப் படம் அவளுக்குள் அச்சுப் பிசகாமல் இருந்தது. அதை நேரில் ஒப்பிட்டுப் பார்த்துவிட வேண்டும். அது சரியாக இருந்தால் தனக்கும் ஒன்றுமில்லை.

இப்போது விளக்கு வலது பக்கம்.

காலையிலேயே உறைத்திருக்க வேண்டும். ஹோட்டலில் அத்தனை பேரும் வலது கையில்தான் கரண்டி பிடித்திருந்தார்கள்.

அவள் வாத்துக்குப் பக்கத்தில் படியில் உட்கார்ந்தாள். கடல் தன் பாட்டுக்கு வந்து போய்க்கொண்டிருந்தது. வெயில் இதமாக இருந்தது. அவளுக்குப் பயமாக இருந்தது.

வேகவைத்த சோளக்கதிர் இரண்டு வாங்கிக்கொண்டு கணவர் வந்தார். ஒன்றை நீட்டினார். அவள் வாங்கவில்லை.

"படத்துல வெளக்கு அந்தப் பக்கம்ல இருந்துச்சு," என்றாள். "இது ஒண்ணுதான் எங்கிட்ட மிச்சமிருக்குன்னு நெனச்சேன். இதுவும் போயிடுச்சுங்க."

அவர் விளக்கைப் பார்த்தார். அவளைப் பார்த்தார். கதிரைக் கடித்து, நிதானமாக மென்று விழுங்கினார். அவருக்கு எதிலும் அவசரம் கிடையாது.

"வேணி, அன்னிக்கு நீ எங்க உக்காந்திருந்த?"

"பொம்பளைங்களோட."

"அது எங்க?"

அவள் வாயைத் திறந்தாள்.

துணிக்குப் பின்னால்.

ஆண்கள் எல்லாம் படம் ஓட்டும் மெஷின் பக்கம். பெண்கள் எல்லாம் துணிக்கு அந்தப் பக்கம். அதுதான் அப்போது வழக்கம். புதுப் பெண்டாட்டியானாலும் அங்கேதான் உட்கார வேண்டும். பின்னாலிருந்து பார்த்தவளுக்கு விளக்கு, வாத்து, கரண்டி பிடித்த கை எல்லாமே பக்கம் மாறித்தான் தெரிந்திருக்கிறது. ரஷ்ய எழுத்து அவளுக்கு நேராக ஓடினால் என்ன, திரும்பி ஓடினால் என்ன.

அவளுக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தது. கூடவே கோபமும்.

"ஐம்பது வருஷமா எடது கை, எடது கைன்னு சொல்லிட்டிருந்தேனே. ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?"

"புள்ளைங்க சிரிக்கணும்னு சொல்றேன்னு நெனச்சேன்."

அவள் சோளக்கதிரை வெடுக்கென்று பிடுங்கிக்கொண்டாள்.

சாவியும் பாலும் அப்படியேதான் இருக்கின்றன. ஸ்கேனும் இருக்கிறது. அது தெரியாமலா? இருந்தாலும் கதிர் ருசியாக இருந்தது.

கிளம்பும்போது அவர் ஃபோனை எடுத்தார். இருவரும் படிக்கட்டுக்கு முதுகைக் காட்டி நின்றார்கள். செல்ஃபி எடுக்க அவர் கையை நீட்டிப் பிடித்தார்.

ஃபோனுக்குள், கண்ணாடியில் தெரிவதுபோல் பக்கம் மாறி, இரண்டு நரைத்த தலைகள். பின்னால் படிக்கட்டு. அடியில் வாத்து.

விளக்கு இடது பக்கம் நின்றது.

அவள் பார்த்தாள். அவரும் பார்த்தார். ஃபோனைக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுவந்து நன்றாகப் பார்த்தார்.

"ஓ," என்றார். "நீ பாத்த படம் இதுதானா?"

அவர் விரல் பொத்தானைத் தேடியது. அவள் அவர் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"அமுக்காதீங்க. அமுக்குனா மறுபடி நேராயிடும். கொஞ்ச நேரம் இப்படியே இருக்கட்டும்."