முகூர்த்த மணி

இந்தக் கல்யாண மண்டபத்தில் முகூர்த்த மணி ஒன்று உண்டு. அடித்தால் ஒரு மணி நேரத்துக்குக் கடிகாரம் நின்றுவிடும். நாம் மட்டும் வழக்கம்போல நடமாடலாம். பெண்ணுக்குச் சித்தப்பா என்பதால் மணி அடிக்கும் உத்தியோகம் எனக்கு.

ஒன்பது மணியோடு முகூர்த்தம் முடிகிறது. ஐந்தே நிமிடம் இருக்கும்போது, "இன்னும் கொஞ்சம் டச்சப் பாக்கி சார்" என்றாள் மேக்கப் போடுகிறவள். அடித்தேன். ஜடையை மட்டும் தனியாக எடுக்கவேண்டும் என்றார் போட்டோகிராபர். அடித்தேன். இப்படியே அறுபது தடவை. மாப்பிள்ளை திவாகருக்குத் தாடி முளைத்து, அதை மழிக்க வேறு ஒரு தடவை. அதற்குள் சம்பந்திகள் சண்டை போட்டுச் சமாதானமும் ஆகிவிட்டார்கள்.

ஒருவழியாக யாழினி மணமேடைக்கு வந்தாள்.

"எட்டு அம்பத்தஞ்சுதான் ஆறது. முகூர்த்தம் தப்பல. கெட்டிமேளம்!" என்றார் ஐயர். மாப்பிள்ளை தாலியை எடுத்தார்.

யாழினி கழுத்தை நீட்டவில்லை. என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

"சித்தப்பா, ரெண்டரை நாளா ரூம் வாசல்ல நின்னு இவரு கார் மைலேஜைப் பத்தியே பேசிட்டு இருந்தாரு. இன்னொரு தடவை மணி அடிங்க. நான் கொஞ்சம் யோசிக்கணும்."