வெட்டிய படம்

போர்க்காலப் பெய்ரூட். தணிக்கை அதிகாரி கேப்டன் நஸீப், கார்ட்டூனிஸ்ட் வதீயின் மேஜையில் அன்றைய பத்திரிகையை வீசினார்.

"கிளம்புங்க உஸ்தாத், ஜெயிலுக்கு! ஊரே உங்க கார்ட்டூன் பக்கத்தைப் பார்த்துச் சிரிக்குது. ரொட்டிக் கடையில ஒட்டியே வச்சிருக்கான். 'இது நான்தான்'னு எங்க தளபதி கோவத்துல குதிக்கிறாரு!"

வதீ பத்திரிகையைப் பிரித்தார். படம் வரவேண்டிய கட்டம் வெள்ளையாக இருந்தது.

"படம் எங்க, கேப்டன்?"

"அதான் ராத்திரி எங்க ஆள் வெட்டிட்டானே!"

"வரைஞ்சாத்தானே வெட்டறதுக்கு? நேத்து எனக்குப் பல்வலி. படமே வரையலை."

கேப்டன் நாற்காலியில் சரிந்தார். பிறகு எழுந்து கதவைச் சாத்தினார்.

"வெட்டின படத்தைக் கொண்டாங்கறாரு தளபதி. உங்க பல்லையா கொண்டுபோய்க் காட்டறது? சட்டுனு அவரை வரைஞ்சு குடுங்க உஸ்தாத். தொப்பை மட்டும் சின்னதா!"