மேலப்பாளையம் விட்டுப்போச்சு

"கொக்கிரகுளம்," என்றாள்.

நிறுத்தினாள். மூச்சு விட்டாள்.

"வண்ணார்பேட்டை."

ஊர்ப்பெயர் மட்டும் போதும் என்று சொல்லியிருந்தார்கள். முன்னும் பின்னும் எதுவும் சேர்க்கக் கூடாது.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஜெபசிங் பதிவு செய்துகொண்டிருந்தான். இந்தப் பண்பலை நிலையத்தின் நிகழ்ச்சிகளுக்கு இப்போது அவன்தான் பொறுப்பு. அவளுக்கு ஆறு வருடம் கழித்து வேலைக்கு வந்தவன். கட்டை விரலை உயர்த்திக் காட்டினான்.

காலை நிகழ்ச்சி அவளுடையது. பதினான்கு வருடமாகத் திருநெல்வேலி அவள் குரலைக் கேட்டுக்கொண்டுதான் பல் தேய்க்கிறது.

நேற்று நேரங்களைப் பதிவு செய்தார்கள். மணி ஏழு அஞ்சு. மணி ஏழு பத்து. அதற்கு முந்தைய நாள் வாழ்த்துகள். மூன்று வருடத்துப் பொங்கல், ரம்ஜான், தீபாவளி, கிறிஸ்துமஸ்.

மூன்று வருடத்துக்கு எதற்கு என்று அவள் கேட்கவில்லை.

"சமாதானபுரம்."

அங்கேதான் உறைத்தது.

பெயரையும் நேரத்தையும் வாழ்த்தையும் சென்னைத் தலைமை அலுவலகத்துக் கணினி கோத்துக்கொள்ளும். காலை ஏழு மணிக்கு அவள் குரல் வரும். அவள் வர வேண்டியதில்லை.

இந்த நிலையத்தில் எல்லாமே இப்படித்தான் போயின.

முதலில் நேயர் கேட்கும் பாட்டு போனது. சென்னையிலிருந்து நாற்பது பாட்டு வந்தது. அதையே மூன்று மணிக்கொரு தடவை திருப்பித் திருப்பிப் போட்டார்கள். ஊருக்கே பிடித்த பாட்டு என்று அவளைச் சொல்லச் சொன்னார்கள். சொன்னாள். ஊருக்கு வேறு என்ன பாட்டு கிடைத்தது, பிடிக்காமல் போக?

பிறகு நேயர்களின் தொலைபேசி போனது. பழைய அழைப்புகளை வெட்டி ஒட்டி, "ஹலோ, யாரு பேசுறீங்க?" என்று புதிதாகக் கேட்பவளைப் போலக் கேட்டாள்.

பிறகு மாலை நிகழ்ச்சியும், அதை நடத்திய ஆளும்.

ஒவ்வொரு தடவையும், நல்லவேளை நான் தப்பித்தேன் என்று நினைத்துக்கொண்டாள். வெட்கங்கெட்ட நினைப்பு.

எழுந்து போய்விடலாம்.

சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. அது எரிந்தால் அவள் வாய் தானாகத் திறந்துகொள்ளும். வியாதிதான், வேறென்ன.

"பேட்டை. தச்சநல்லூர். பெருமாள்புரம்."

பட்டியல் முடிந்தது.

அதில் மேலப்பாளையம் இல்லை.

சென்னையில் எவனோ கவனிக்காமல் விட்டிருக்கிறான். அவ்வளவு பெரிய மேலப்பாளையத்தின் பெயரே வராத காலை நிகழ்ச்சியை இந்த ஊர் ஒரு வாரத்தில் பிடித்துவிடும். பேசுவது அவள் இல்லையோ என்று யாராவது கேட்பார்கள். பேச்சு பரவும்.

வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும்.

"மேலப்பாளையம் விட்டுப்போச்சு," என்றாள்.

ஒரு பகுதியை விட்டுவிட்டு மைக்கை அணைத்துப் பழக்கமில்லை. பதினான்கு வருடத்தில் ஒரு நாள்கூட இல்லை.

"நல்லவேளை சொன்னீங்கக்கா," என்று சொல்லி ஜெபசிங் குறித்துக்கொண்டான். அதையும் பதிவு செய்தார்கள்.

இன்னும் ஒரு தாள் இருந்தது. அதில் ஒரே ஒரு வரி. நேயர்கள் சந்தேகப்பட்டால் ஒலிபரப்ப, என்று மேலே அச்சிட்டிருந்தது.

சென்னைக்காரர்கள் அதையும் யோசித்து வைத்திருந்தார்கள்.

அவள் ஜெபசிங்கைப் பார்த்தாள். அவன் குனிந்து எதையோ திருகிக்கொண்டிருந்தான்.

"நான் இங்கதான் இருக்கேன். எங்கயும் போகல," என்று படித்தாள்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கத்திலிருந்து அவன் குரல் காதுக்குள் வந்தது.

"எக்கா, கொஞ்சம் சிரிச்சிட்டே சொல்லுங்க."

சிரித்தாள்.

இரண்டாவது தடவை நன்றாக வந்தது. பொய் என்று யாராலும் சொல்ல முடியாது. திருப்பிப் போட்டுக் கேட்டபோது அவளுக்கே நம்பிக்கை வந்தது.