நான்கு நொடி

அன்று காலை, திகில் அனிமே தொடர் ஒன்றின் முதல் பகுதிக்கு டப்பிங் நடந்தது. பூட்டிய கதவுக்கு வெளியே நின்று மகளைக் கூப்பிடும் தாய்க்குக் குரல் கொடுக்க வந்தவள், போன வருடம் தன் ஒரே மகளைப் பறிகொடுத்தவள். அந்த மகளும் இதே அறையில் நின்று குழந்தைகளுக்குக் குரல் கொடுத்தவள்தான்.

"கதவைத் திற கண்ணு," என்று பேசினாள் அவள். அதன்பின் நான்கு நொடி மௌனம் என்று வசனத்தாளில் இருந்தது. ஆனால் ஹெட்போனில், "வரேம்மா, சும்மா கத்தாத," என்று கேட்டது. அவளுடைய மகளின் குரல்.

கண்ணாடிக்கு அப்பால் இருந்த ஒலிப்பதிவாளர், "பிரமாதம்க்கா, அடுத்த வரி," என்றார்.

"இன்னொரு தடவை, தம்பி."

பதினொரு தடவை கூப்பிட்டாள். பதினொரு தடவையும் மகள் சலித்துக்கொண்டே பதில் சொன்னாள்.

"சாப்பிடப் போக விடுங்கக்கா. பேய்க்கே பசிக்கும்!"

"நடுவுல வர்ற அந்த நாலு நொடிய மட்டும் போட்டுக் காட்டுப்பா."

"அதுவா? ஏதோ இரைச்சல் விழுந்திருந்துச்சு. எல்லா டேக்லயும் சுத்தமாத் துடைச்சுட்டேன்க்கா." பாவம், வேலையில் அவ்வளவு சுத்தமான பிள்ளை.

அவள் மறுபடி கூப்பிட்டாள். தொண்டை கிழியக் கூப்பிட்டாள். ஹெட்போனில் மூச்சுச் சத்தம்கூட இல்லை. திரையில், கதவிடுக்கில் தெரிந்த சிறுமியின் வாய், அத்தனை தடவையும் அசையாமல் இருந்த வாய், இப்போது பேசிக்கொண்டிருந்தது.