நீலக் கட்டைவிரல்

“இந்த சீட்டுல யாராவது உக்காந்திருக்காங்களா?”

“உக்காந்திருந்தா உங்களுக்குத் தெரியாமலா இருக்கும்?”

அவர் சிரித்தார். சிரித்த வேகத்திலேயே ‘ஸ்ஸ்’ என்று கன்னத்தைப் பிடித்துக்கொண்டு பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தார். பல் டாக்டரிடம் காத்திருக்கும் இடத்தில் சிரிக்கிறவர்களுக்கு அதுதான் தண்டனை.

அந்தப் பதில் அவளுக்கு முதல் தடவையே வாயில் வந்துவிடவில்லை. அப்போது வெறுமனே தலையை ஆட்டினாள். அடுத்த தடவை “இல்லீங்க” என்றாள். எப்படிச் சொன்னால் அவர் சிரிப்பார் என்று கண்டுபிடிப்பதற்கு, அதே அரை மணி நேரத்தை அவள் பலமுறை திருப்ப வேண்டியிருந்தது.

ஆமாம், திருப்பித்தான். அவள் பழக்கிடங்கில் நேரக்குறி எழுதுகிறவள். பெட்டியின் மேல் நீல மெழுகுக்கட்டியால் ஒரு சுழியும் இரண்டு கோடும் போட்டு, கட்டைவிரலால் அழுத்தித் தேய்த்தால் உள்ளே இருக்கும் பழம் மாதக்கணக்கில் கனியாமல் நிற்கும். அதே சுழியைத் தலைகீழாகப் போட்டால், நடந்து முடிந்த அரை மணி நேரம் நடக்காததாகிவிடும். எல்லாம் பழைய இடத்துக்குப் போய்விடும், தேய்த்த விரலில் ஒட்டிய நீலத்தைத் தவிர. அந்த எழுத்தைக் கற்றவர்களுக்கு எதுவும் மறக்காது. மற்றவர்களுக்கு எல்லாம் புத்தம் புதுசு.

கிடங்கில் அவளுக்குத் துணை பழப்பெட்டிகள். வீட்டில் அதுவும் இல்லை. வாரம் முழுக்க அவள் வாயைத் திறப்பது சாப்பிடவும் கொட்டாவி விடவும்தான். அப்படிப்பட்டவள் பக்கத்தில் ஒரு மனிதர் வந்து உட்கார்ந்து, முகம் பார்த்துப் பேசினால் விடுவாளா? கடைவாய்ப் பல் உயிரை வாங்கியது. வாங்கட்டும் என்று திருப்பிக்கொண்டே இருந்தாள். போன் நம்பர் கேட்டுத் தொலைக்க வேண்டியதுதானே என்பீர்கள். அவளும் ஒவ்வொரு தடவையும் அப்படித்தான் நினைத்தாள். நாக்கு எழவில்லை.

“உங்களுக்கு எந்தப் பக்கம் வலி?” என்றார் அவர்.

“இடது பக்கம். உங்களுக்கு?”

“வலது. ரெண்டு பேரையும் சேர்த்தா ஒரு முழு வாய் தேறும்.”

எத்தனையோ தடவை கேட்டதுதான். ஆனாலும் அவளுக்குச் சிரிப்பு வந்தது. அவள் கேட்பதற்கு முன்பே அவர் எழுந்துபோய் மின்விசிறியை அவள் பக்கம் திருப்பிவிட்டு வந்தார். என்ன நல்ல மனுஷன்!

“நீங்க என்ன வேலை பாக்குறீங்க?” தெரிந்ததையே கேட்டாள்.

“பேக்கரிலங்க. மத்தவங்க மணிக்கணக்கா காத்துக் கெடக்குற மாவை, நான் கண்ணை மூடித் திறக்கறதுக்குள்ள பொங்க வச்சிருவேன்.”

கொஞ்சம் அளக்கிறார். அளக்கட்டும், அதுவும் கேட்க நன்றாகத்தான் இருந்தது. இந்தத் தடவை என்னவோ அவளுக்குத் துணிச்சல் வந்துவிட்டது. இத்தனை நாழியும் கேட்கப் பயந்ததைக் கேட்டுவிட்டாள்.

“வீட்ல யாரெல்லாம் இருக்காங்க?”

அவர் கொஞ்சம் தயங்கினார். “பொண்ணு இருக்கா. நான் போற வரைக்கும் சாப்பிடாம உக்காந்திருப்பா. உங்க வீட்ல?”

“அதை ஏன் கேக்குறீங்க, சந்தைக்கடைதான். அக்கா, அக்கா பசங்கன்னு ஒரே கூச்சல்” என்று கூசாமல் புளுகினாள்.

“டோக்கன் பதினாலு!” என்று உள்ளேயிருந்து குரல் வந்தது.

அவர் எழுந்தார். “வரேங்க. பல்லைப் புடுங்கிட்டு வாயில பஞ்சை வச்சு அடைச்சிருவாங்க. அப்புறம் சொல்ல முடியாது, அதான் இப்பவே சொல்லிக்கிறேன்.”

இந்த இடத்தில்தான் அவள் எப்போதும் எழுதுவாள். கை தானாகவே பைக்குள் போய் மெழுகுக்கட்டியைத் தொட்டது. ஆனால் முகம் தெரியாத அந்தப் பெண், தட்டுக்கு முன்னால் உட்கார்ந்து வாசலையே பார்த்துக்கொண்டிருப்பதுபோல் தோன்றியது. இப்படித் திருப்பிக்கொண்டே இருந்தால் அவர் வீடு போய்ச் சேர்வது எப்போது? தன் பசிக்கு ஊரான் பிள்ளையைப் பட்டினி போடுவதா?

கையை வெறுமையாக வெளியே எடுத்து, பையை மூடினாள்.

“போயிட்டு வாங்க” என்றாள்.

அவர் கதவருகில் நின்று அவளைத் திரும்பிப் பார்த்தார். இன்னும் கொஞ்சம் நின்றார். பிறகு உள்ளே போனார். கதவு சாத்திக்கொண்டது.

பக்கத்து நாற்காலியைப் பார்க்க முடியாமல் அவள் சுவரைப் பார்த்தாள். அழுகை முட்டிக்கொண்டு வந்தது. பல் டாக்டரிடம் வந்து அழுவதில் ஒரு வசதி, யாரும் ஏன் என்று கேட்கமாட்டார்கள். முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தாள்.

முகத்தில் காற்றே இல்லை. மின்விசிறி மறுபடி சுவர்ப்பக்கம் திரும்பியிருந்தது. கடிகார முள் அரை மணி நேரம் பின்னால் நின்றது. அவள் அவசரமாகப் பையைப் பார்த்தாள். மூடியபடியே இருந்தது.

‘நான் எழுதலையே!’

வாசல் கதவு திறந்தது. கன்னத்தைப் பிடித்துக்கொண்டு அவர் வந்தார். இந்தத் தடவை சீட் காலியா என்று கேட்கவில்லை. நேராக வந்து பக்கத்தில் உட்கார்ந்து, வலது கையை அவள் முன்னால் நீட்டினார். கட்டைவிரல் முழுக்க அப்போதுதான் தேய்த்த நீலம்.

“நீங்க எழுதுவீங்கன்னுதான் கதவுகிட்ட நின்னு பார்த்தேன், எழுதலை, அதான் இந்த தடவை நானே எழுதிட்டேன்” என்றார். “எனக்குப் பொண்ணெல்லாம் கிடையாதுங்க, யாருமில்லைன்னு சொல்ல வெக்கமா இருந்துச்சு. இப்ப நீங்க சொல்லுங்க, உங்க வீட்ல நிஜமா யாரு இருக்காங்க?”